நூற்றாண்டு காணும் பள்ளிக்குப் பழைய மாணவர் பட்டியல்: சரிபார்த்துத் தொகுக்கும் முறை

நூற்றாண்டு விழா என்று அறிவித்த மறுநாளே குழுவின் வாட்ஸ்அப்பில் பெயர்கள் கொட்ட ஆரம்பிக்கும். ஒரு நீதிபதி, இரண்டு கலெக்டர்கள், ஒரு முன்னாள் அமைச்சர், சினிமாவுக்குப் பாட்டெழுதிய ஒருவர். “அவரும் நம்ம பள்ளிக்கூடம்தான்” என்று சொல்ல ஆள் இருக்கும், எந்த வருஷம் என்று கேட்டால் பதில் இருக்காது. இந்தப் பெயர்களை அப்படியே விழா மலரில் ஏற்றிவிட்டால் அடுத்து யார் எழுதினாலும் அந்த மலரைத்தான் ஆதாரமாகக் காட்டுவார்கள். அதனால் வேலையின் வரிசையைத் திருப்பிப் போட வேண்டும். முதலில் பதிவேடு, பிறகுதான் பெயர்.

தமிழ்நாட்டின் அரசு, அரசு உதவி பெறும் உயர்நிலை, மேல்நிலைப் பள்ளிகளை மனத்தில் வைத்தே இங்கே எல்லாம் சொல்லப்படுகிறது. விழாவுக்கு ஒன்றரை வருஷம் முன்பே தொடங்கினால் மூச்சு வாங்காமல் முடிக்கலாம். ஆறு மாதம்தான் கையில் இருக்கிறது என்றால் முழுப் பட்டியலுக்கு ஆசைப்படாமல் 1978 வரைக்கும் என்று எல்லை கட்டிக்கொள்ளுங்கள். அந்த ஆண்டு ஏன் என்பது பின்னால் வருகிறது.

பிறந்த வருஷம் எது?

பள்ளியின் தொடக்க ஆண்டை முடிவு செய்வது பட்டியலுக்கு முந்தைய வேலை. பெரும்பாலான பழைய பள்ளிகளுக்கு ஒன்றல்ல, மூன்று நான்கு பிறந்தநாள்கள் இருக்கும். திண்ணையிலோ சத்திரத்திலோ வகுப்பு தொடங்கிய வருஷம், அரசு அங்கீகாரம் கிடைத்த வருஷம், உயர்நிலைப் பள்ளியாகத் தரம் உயர்ந்த வருஷம், இப்போதைய கட்டடத்துக்கு வந்த வருஷம். இவற்றுள் எதைக் கொண்டாடினாலும் தவறில்லை. ஆனால் எதைக் கொண்டாடுகிறோம் என்று மலரின் முதல் பக்கத்தில் ஒரு வரி இருக்க வேண்டும். “1920-இல் தொடக்கப் பள்ளி, 1947 முதல் உயர்நிலைப் பள்ளி” என்கிற மாதிரி பிரித்து எழுதினால், 1930-இல் ஒருவர் இங்கே பள்ளி இறுதித் தேர்வு எழுதினார் என்ற செய்தி வரும்போதே அது நடக்க முடியாதது என்று தெரிந்துவிடும்.

வளாகச் சுவரில் பதித்த அடிக்கல், திறப்புவிழாக் கல் எல்லாவற்றையும் முதலில் படம் எடுங்கள். காலை எட்டு மணிக்கு முன்போ மாலை நாலரைக்குப் பிறகோ, வெயில் சாய்ந்து விழும் நேரத்தில் எடுத்தால் சுண்ணாம்பு அடித்து மூடிய எழுத்துகூடத் தெரியும். கல்லில் இருக்கும் ஆண்டு அந்தக் கட்டடத்தின் ஆண்டு மட்டுமே. அதைப் பள்ளியின் ஆண்டாக எடுத்துக்கொள்வதுதான் அடிக்கடி நடக்கும் பிழை.

அரசாணை தேவைப்பட்டால் எழும்பூரில் உள்ள தமிழ்நாடு ஆவணக் காப்பகத்துக்குப் போக வேண்டும். அடையாளச் சான்றும், எதற்காகத் தேடுகிறீர்கள் என்று பள்ளியின் முகப்புத் தாளில் தலைமையாசிரியர் கையொப்பமிட்ட கடிதமும் கையோடு இருக்கட்டும். உங்கள் பள்ளி ஒரு காலத்தில் ‘போர்டு ஹைஸ்கூல்’ என்று பெயர் தாங்கியிருந்தால் கல்வித் துறைக் கோப்புகளோடு நிறுத்திவிடாதீர்கள். ஜில்லா போர்டும் தாலுகா போர்டும் அந்தக் கால உள்ளாட்சி அமைப்புகள், அவற்றின் பள்ளிகள் பற்றிய ஆணை உள்ளாட்சித் துறைக் கோப்புகளிலும் கிடக்கும். கல்வித் துறையில் தேடிவிட்டுக் கிடைக்கவில்லை என்று திரும்புவோர் நிறையப் பேர். 1906-இல் வெளியான தஞ்சை, மதுரை மாவட்டக் கெசட்டியர்களில் (அரசு வெளியிட்ட மாவட்ட விவரத் தொகுப்பு நூல்கள்) கல்விக்குத் தனி அத்தியாயம் உண்டு. அந்தக் காலத்திலேயே இயங்கிய பள்ளி என்றால் அதையும் ஒருமுறை புரட்டிவிடுங்கள்.

பீரோவுக்குள் இருக்கும் பதிவேடு

பட்டியலின் உயிர் சேர்க்கை நீக்கப் பதிவேட்டில் இருக்கிறது. பள்ளியில் எல்லோரும் அட்மிஷன் ரிஜிஸ்டர் என்பது இதைத்தான். சேர்க்கை எண், மாணவர் பெயர், தந்தை அல்லது பாதுகாவலர் பெயர், பிறந்த தேதி, சேர்ந்த தேதி, சேர்ந்த வகுப்பு, முன்பு படித்த பள்ளி, நீங்கிய தேதி, நீங்கும்போது இருந்த வகுப்பு, டி.சி. விவரம் எல்லாம் ஒரே வரியில் ஓடும். நிரந்தரமாக வைத்திருக்க வேண்டிய பதிவேடு என்பதால் வருகைப் பதிவேடுகள் எரிந்து போன பள்ளியிலும் இது மட்டும் தப்பியிருக்கும். காணவில்லை என்றால் இரண்டு இடங்களில் கேளுங்கள். ஒன்று, இங்கிருந்து பிரிந்துபோன பெண்கள் பள்ளி. பிரியும்போது பழைய புத்தகங்கள் ஏதோ ஒரு பக்கம் போயிருக்கும். இன்னொன்று, பள்ளி மேல்நிலையாக உயர்ந்தபோது தனியே ஒதுங்கிய தொடக்கப் பள்ளி.

தலைமையாசிரியரிடம் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். வாய்மொழி அனுமதி அவர் மாறுதலாகும் வரைக்கும்தான் செல்லும். உதவி பெறும் பள்ளியானால் செயலரின் கையொப்பமும் வேண்டும். பதிவேடு வளாகத்தை விட்டு வெளியே போகக் கூடாது. ஸ்கேன் எடுத்துத் தருகிறேன் என்று யாராவது பைக்கில் வைத்துக் கொண்டுபோவதற்கு ஒருபோதும் இடம் கொடுக்காதீர்கள்.

படம் எடுக்க நல்ல கைபேசி போதும். ஜன்னலோர மேசை, வெயில் நேராக விழாத வெளிச்சம், கைபேசியைப் பக்கத்துக்கு நேர் மேலே பிடித்து நிறுத்தும் ஒரு தாங்கி. ஃப்ளாஷ் வேண்டாம். ஒரு படத்துக்கு ஒரு பக்கம்தான். இரண்டு பக்கத்தையும் சேர்த்து எடுத்தால் நடுத் தையல் பக்கம் வளைந்து, அங்கே எழுதிய தேதிகள் பாதி மறைந்துவிடும். விரலை எச்சில் தொட்டுப் புரட்டக் கூடாது. கிழிந்த ஓரத்தை செல்லோ டேப்பால் ஒட்டக் கூடாது, அதன் பசை சில ஆண்டுகளில் பழுப்பேறித் தாளையும் தின்றுவிடும். லேமினேஷன் இன்னும் மோசம், செய்துவிட்டால் திரும்ப எடுக்கவே முடியாது. பொடியாக உதிரும் பக்கத்துக்குக் கீழே ஒரு வெள்ளை அட்டையைச் செருகி, அட்டையோடு சேர்த்துத் திருப்புங்கள். பழுப்பாக மங்கிய மையைப் படிக்க முடியாவிட்டால், எடுத்த படத்தைப் புகைப்பட மென்பொருளில் திறந்து நீல நிற அலைவரிசையை மட்டும் கறுப்பு வெள்ளையாகப் பாருங்கள். பழுப்பு மை நீலத்தை உறிஞ்சுவதால் எழுத்து அழுத்தமாக எழும்பி வரும்.

கோப்புப் பெயரில் புத்தக எண்ணும் பக்க எண்ணும் இருக்கட்டும். “புத்தகம்03_பக்கம்117” என்று வைத்தால் ஐந்து வருஷம் கழித்தும் தேடி எடுக்கலாம். கைபேசி தானாக வைக்கும் பெயரை அப்படியே விட்டால் எந்தப் படம் எந்தப் புத்தகம் என்று ஒரு வாரத்தில் மறந்துபோகும்.

தட்டச்சுக்கு இரண்டு பேர் வேண்டும். ஒருவர் வாசிக்க, ஒருவர் அடிக்க. ஆண்டுக்கு 120 பேர் சேர்ந்த பள்ளியில் நூறாண்டுக்கு 12,000 வரி. மணிக்கு 45 வரி முடிந்தால் 260 மணி நேரத்துக்கு மேல் ஆகும். இந்தக் கணக்கைத் தொடக்கத்திலேயே குழுவின் முன்னால் வையுங்கள், “ரெண்டு ஞாயித்துக்கிழமையில முடிச்சிடலாம்” என்ற பேச்சு அடங்கும். பெயரைப் பதிவேட்டில் இருப்பது போலவே, அதே எழுத்துக்கூட்டலோடு ஏற்றுங்கள். திருத்திய வடிவத்துக்குப் பக்கத்திலேயே தனிக் கட்டம் வையுங்கள். மூலத்தைத் திருத்திவிட்டால் பிறகு சரிபார்க்க வழி இல்லை.

ஃபார்ம், வகுப்பு, தேர்வு: ஆண்டுக் கணக்கு

பழைய பதிவேட்டில் ‘ஐந்தாவது ஃபார்ம்’ என்று இருப்பதை ஐந்தாம் வகுப்பு என்று எழுதிவிடுவது மலர்களில் சாதாரணமாகக் காணப்படும் தவறு. முதல் ஃபார்ம் என்பது ஆறாம் வகுப்பு. ஆறாவது ஃபார்ம் பதினோராம் வகுப்பு, அதன் முடிவில்தான் எஸ்.எஸ்.எல்.சி. தேர்வு. 1978-இல் மேல்நிலைக் கல்வி வந்த பிறகு எஸ்.எஸ்.எல்.சி. பத்தாம் வகுப்போடு முடிந்தது, முதல் பிளஸ் டூ பொதுத்தேர்வு 1980 மார்ச்சில் நடந்தது. ஆக, 1970-இல் எஸ்.எஸ்.எல்.சி. முடித்தவர் பதினோரு வருஷம் படித்தவர், பிறகு கல்லூரியில் பி.யு.சி. என்ற புகுமுக வகுப்பில் சேர்ந்திருப்பார். அவரைப் பற்றி “இங்கே பிளஸ் டூ படித்தார்” என்று வந்தால் அந்தக் குறிப்பு முழுவதையும் சந்தேகப்படலாம். 1978 வரை என்று எல்லை கட்டச் சொன்னது இதனால்தான். அது பதிவேடுகளே தரும் இயல்பான முறிவு.

எஸ்.எஸ்.எல்.சி. வருவதற்கு முன்னால் சென்னைப் பல்கலைக்கழகத்தின் மெட்ரிகுலேஷன் தேர்வுதான் பள்ளியின் கடைசி வாசல். கும்பகோணம் டவுன் ஹைஸ்கூலில் படித்த கணித மேதை ராமானுஜன் அந்தத் தேர்வில் தேறியது 1903 டிசம்பரில். அவரைப் பற்றி எஸ்.எஸ்.எல்.சி. என்று எழுதினால் பிழை. மார்ச், ஏப்ரல் என்று நமக்குப் பழகிய தேர்வு மாதத்தை அந்தக் காலத்துக்கும் பொருத்தினால் ஒரு வருஷக் கணக்கு தவறும்.

ஒரே ஆள், வேறு பெயர்

ஊரே கொண்டாடும் பெயர் பதிவேட்டில் இருக்காது. கண்ணதாசன் என்று தேடினால் எந்தப் பள்ளியிலும் கிடைக்கமாட்டார், முத்தையா என்று தேட வேண்டும். புதுமைப்பித்தனுக்கு சொ. விருத்தாசலம், பாரதிதாசனுக்கு கனகசுப்புரத்தினம். எழுத்தாளர்கள், நடிகர்கள், கட்சிக்காரர்கள் மூன்று தரப்பையும் தேடுவதற்கு முன் இயற்பெயரைக் கண்டுபிடியுங்கள்.

மற்றவர்களிடம் வேறு சிக்கல். பள்ளியில் சாதிப் பின்னொட்டோடு எழுதப்பட்ட பெயரைப் பின்னாளில் பலர் துறந்திருப்பார்கள். பெண்களின் முன்னெழுத்து கல்யாணத்துக்குப் பிறகு மாறியிருக்கும், தந்தை பெயரை வைத்துத்தான் பிடிக்க முடியும். தாத்தா வீட்டில் தங்கிப் படித்த பிள்ளைக்குப் பாதுகாவலர் பெயர் வேறாக இருக்கும். ஆங்கிலத்தில் எழுதிய பழைய பதிவேடுகளில் ஒரே பெயரை மூன்று விதமாக எழுதியிருப்பார்கள். பழனிச்சாமிக்கும் பழநிசாமிக்கும் தனித்தனியாகத் தேட வேண்டும்.

பிறந்த தேதியை ஒப்பிட்டு உறுதி செய்வதிலும் எச்சரிக்கை தேவை. பள்ளியில் சேர்க்க வயது தோதுப்பட வேண்டும் என்பதற்காக வாத்தியாரே ஒரு தேதி போட்டுவிடுவது அந்தக் கால வழக்கம். வாழ்க்கைக் குறிப்பில் ஆவணி என்று இருக்கும், பதிவேட்டில் ஜூன் முதல் தேதி என்று இருக்கும். தேதி பொருந்தவில்லை என்பதால் ஆளைத் தள்ளிவிடாதீர்கள். தந்தை பெயர், முந்தைய பள்ளி, ஊர் ஆகிய மூன்றில் இரண்டு பொருந்தினால் ஏற்றுக்கொள்ளலாம்.

யார் ‘நம் மாணவர்’?

மூன்று கேள்விக்குக் குழு முன்கூட்டியே, பெயர்கள் மேசைக்கு வருவதற்கு முன்பே, பதில் எழுதி வைக்க வேண்டும். பெயர்கள் வந்த பிறகு விதி எழுதினால் ஒவ்வொரு விதிக்கும் பின்னால் ஒரு சொந்தக்காரர் நிற்பார்.

முதல் கேள்வி, எத்தனை நாள் படித்தால் மாணவர்? ஒரு முழுக் கல்வியாண்டு என்று வைப்பது நியாயம். படிப்பை முடிக்காமல் போனவர்களை விலக்கக் கூடாது. காமராஜர் விருதுநகர் க்ஷத்திரிய வித்யாசாலாவில் படிப்பைப் பாதியில் நிறுத்தியவர்தான், அதற்காக அந்தப் பள்ளி அவரைத் தன் மாணவர் இல்லை என்று சொல்லிவிடுமா?

இரண்டாவது, இன்னொரு பள்ளியும் அவரை உரிமை கொண்டாடினால்? சண்டைக்குப் போகாமல் ஆண்டைப் போடுங்கள். ராமானுஜன் கும்பகோணத்தில் காங்கேயன் தொடக்கப் பள்ளியில் படித்துவிட்டு 1898-இல் டவுன் ஹைஸ்கூலுக்கு வந்தார். அப்துல் கலாம் ராமேசுவரத்தில் தொடக்கக் கல்வி, ராமநாதபுரம் ஷ்வார்ட்ஸ் பள்ளியில் உயர்நிலைக் கல்வி. விண்பௌதிக அறிஞர் சந்திரசேகர் சிறுவயதில் வீட்டிலேயே படித்து, பிறகு 1922 முதல் 1925 வரை திருவல்லிக்கேணி இந்து உயர்நிலைப் பள்ளியில் படித்தார். இப்படி வகுப்பும் ஆண்டும் தெளிவாக இருந்தால் எல்லாப் பள்ளிக்கும் பங்கு உண்டு, யாரும் பொய் சொல்ல வேண்டியதில்லை.

மூன்றாவது கேள்வியில்தான் அதிகம் வழுக்குவது. ஆசிரியராக இருந்தவரை மாணவராக்கிவிடுவது. பாரதியார் மதுரை சேதுபதி உயர்நிலைப் பள்ளியில் 1904-இல் சில மாதங்கள் தமிழாசிரியராக இருந்தார். அவர் அந்தப் பள்ளியின் பெருமை, ஆனால் அதன் மாணவர் அல்ல. “பள்ளியோடு தொடர்புடையவர்” என்ற ஒரே தலைப்பில் இருவரையும் கலந்து அச்சிடும்போது, அடுத்தவர் அதைச் சுருக்கி எழுதி மாணவர் பட்டியலில் சேர்த்துவிடுவார். ஆசிரியர்களுக்குத் தனிப் பக்கம் கொடுங்கள். விழாவுக்கு வந்து பேசியவர், கட்டடத்துக்கு நிதி தந்தவர் எல்லாம் அதற்கும் அடுத்த பக்கம்.

ஆதாரத்தின் தரம்

ஒவ்வொரு பெயருக்கும் இரண்டு ஆதாரம் வேண்டும், இங்கே படித்தார் என்பதற்கு ஒன்று, சாதித்தார் என்பதற்கு ஒன்று. முதலாவதை அ, ஆ, இ என்று தரம் பிரியுங்கள். பதிவேட்டில் வரி கிடைத்தால் அ. அவரது எஸ்.எஸ்.எல்.சி. புத்தகம், டி.சி. நகல், பெயர் அச்சிட்ட வகுப்புக் குழுப்படம், அவரே எழுதிய தன்வரலாறு ஆகியவை ஆ. “எங்கப்பாவோட ஒண்ணாப் படிச்சார்” என்பது இ. அ, ஆ இரண்டையும் தயங்காமல் அச்சிடலாம். இ தரத்தை “இங்கு பயின்றதாக வகுப்புத் தோழர்கள் கூறுகின்றனர்” என்ற சொற்களோடுதான் அச்சிட வேண்டும். அந்தச் சொற்களைப் பார்த்து வருத்தப்படுவோர் வந்தால், வீட்டிலிருக்கும் எஸ்.எஸ்.எல்.சி. புத்தகத்தை எடுத்து வரச் சொல்லுங்கள். பல சமயம் அப்போதுதான் அசல் ஆதாரம் வெளியே வரும்.

இணையத்தை ஆதாரமாக எடுக்கும்போது ஒரு சுழலைக் கவனியுங்கள். யாரோ விக்கிப்பீடியாவில் மேற்கோள் இல்லாமல் ஒரு பெயரைச் சேர்ப்பார். மலர் அதை எடுத்து அச்சிடும். பிறகு அந்த மலரையே விக்கிப்பீடியாவில் மேற்கோளாகக் காட்டுவார்கள். ஆதாரம் எங்கும் இல்லை, ஆனால் இரண்டு இடத்தில் இருப்பது போலத் தோன்றும். பழைய செய்தித்தாளில் தேர்வு முடிவு தேடலாமே என்பவர்களுக்கும் ஒரு செய்தி. எஸ்.எஸ்.எல்.சி. முடிவுகள் நாளிதழில் பதிவு எண்ணாக மட்டுமே வந்தன, எண் தெரியாமல் அதில் ஒன்றும் கிடைக்காது.

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய்க் கட்டணத்தோடு விண்ணப்பித்தால் 30 நாளில் பதில் தர வேண்டும். பள்ளி தரம் உயர்ந்த ஆணை, தலைமையாசிரியர்களின் பணிக்காலம் போன்றவற்றுக்கு இது நல்ல வழி. ஒரு தனி மாணவரின் விவரத்தைக் கேட்டால் தனிநபர் விவரம் பற்றிய பிரிவு 8(1)(j)-ஐக் காட்டி மறுப்பார்கள், அது சரியும்கூட. வாழ்பவரானால் அவரிடமே, இல்லையென்றால் குடும்பத்தாரிடம் கேட்பதுதான் முறை.

முதியவர்களிடம் கேட்கும்போது

எண்பது வயதைத் தாண்டியவர்களிடம் “எந்த வருஷம் படிச்சீங்க?” என்று கேட்டால் தோராயமாகத்தான் சொல்வார்கள். வருஷத்தைக் கேட்காமல் நிகழ்ச்சியைக் கேளுங்கள். பள்ளிச் சம்பளம் அணாவில் கட்டினீர்களா, நயா பைசாவிலா? நயா பைசா வந்தது 1957 ஏப்ரலில். இந்தி எதிர்ப்புப் போராட்டத்தில் பள்ளியை மூடினார்களே, அப்போது எத்தனையாவது படித்தீர்கள்? அது 1965 ஜனவரி. தனுஷ்கோடியைக் கடல் கொண்ட புயலடித்தது அதற்கு முந்தைய டிசம்பரில். மதியச் சாப்பாடு போட்டார்களா? யார் எச்.எம்.? இந்தக் கேள்விகளில் இரண்டுக்குப் பதில் கிடைத்தாலே பதிவேட்டில் எந்தப் புத்தகத்தைத் திறப்பது என்று தெரிந்துவிடும். பேச்சுக்கு நடுவில் வகுப்புக் குழுப்படத்தைக் காட்டினால் பெயர்கள் வரிசையாக வரும். ஒரே படத்தை இருவரிடம் தனித்தனியாகக் காட்டி, இருவரும் சொன்னது ஒத்துப்போன பெயர்களை மட்டும் குறியுங்கள்.

பதவியில் இருந்தவர்கள் பெயர் எப்படியும் வந்து சேர்ந்துவிடும், அதற்கு யாரும் தேடிப் போக வேண்டாம். தேடிப் போக வேண்டியவர்கள் வேறு. பையன்கள் பள்ளியில் முதன்முதலாகச் சேர்ந்த பெண், சேரியிலிருந்து வந்து எஸ்.எஸ்.எல்.சி. முடித்த முதல் மாணவர், சுற்று வட்டாரத்தில் முப்பது வருஷம் பிரசவம் பார்த்த நர்ஸ், மாநில அணிக்குக் கபடி ஆடியவர். பதிவேட்டை வரி வரியாகப் படிப்பவர் கண்ணில்தான் இவர்கள் படுவார்கள். கலெக்டர்களின் பெயர்களை மட்டும் அடுக்கிய மலர் எந்தப் பள்ளிக்கும் பொருந்தும், உங்கள் பள்ளிக்கென்று அதில் ஒன்றும் இராது.

குறிப்பு எழுதும் விதம்

ஒருவருக்கு நாற்பது சொல்லைத் தாண்ட வேண்டாம். பெயர், வாழ்நாள், என்ன செய்தவர், எந்த வகுப்பு முதல் எந்த ஆண்டு வரை, ஆதாரத் தரம். தரக் குறியைக் கடைசியில் சேர்த்துக்கொண்டு, இந்த மாதிரியில்:

“ஸ்ரீநிவாச ராமானுஜன் (1887–1920). கணித அறிஞர். 1898-இல் சேர்ந்தார். 1903 டிசம்பரில் மெட்ரிகுலேஷன். 1904-இல் பள்ளியின் ரங்கநாத ராவ் கணிதப் பரிசு பெற்றார்.”

“நாடே போற்றும்”, “ஈடு இணையற்ற” எல்லாம் வெட்டுங்கள். ஒருவருக்குப் போட்டால் அடுத்தவர் வீட்டில் ஏன் போடவில்லை என்று கேட்பார்கள். வரிசையும் அப்படித்தான். பதவி வரிசையில் அடுக்கினால் அமைச்சருக்கு மேலா நீதிபதிக்கு மேலா என்ற வழக்கு விழா அன்றும் ஓயாது. பள்ளியை விட்டு நீங்கிய ஆண்டு வரிசையே பாதுகாப்பு.

பதிவேட்டுப் பக்கத்தின் படத்தை மலரில் போட எல்லோருக்கும் ஆசை வரும். அதே பக்கத்தில் இன்னும் இருபது பேரின் பிறந்த தேதியும் சாதியும் இருக்கின்றன. உரியவரின் வரியை மட்டும் விட்டு மற்றதை மறையுங்கள். அந்த வரியிலும் சாதிக் கட்டத்தை மூடிவிடுங்கள். பிறந்த தேதியும் சாதியும் உள்ள முழுக் கோப்பு தலைமையாசிரியரிடம் மட்டும் இருக்கட்டும், வாட்ஸ்அப்பில் சுற்ற வேண்டாம்.

அச்சுக்கு அனுப்ப 30 நாள் இருக்கும்போது வரைவுப் பட்டியலைப் பள்ளி அறிவிப்புப் பலகையில் ஒட்டி, திருத்தம் சொல்ல ஒரே ஒருவரின் பெயரையும் கடைசித் தேதியையும் எழுதுங்கள். திருத்தத்தை எழுத்தில் மட்டுமே வாங்க வேண்டும். தேதி கடந்த பிறகு வரும் பெயர்களுக்கு ஒரு தனிப் பதிவேடு போட்டு, அவற்றையும் சரிபார்த்து, அடுத்த ஆண்டு ஒரு தாள் திருத்தச் சீட்டாக அச்சிட்டு மலரோடு சேர்க்கலாம். அச்சான மலரில் இரண்டு படிகள் பள்ளி நூலகத்துக்கு, ஒன்று மாவட்ட மைய நூலகத்துக்கு, ஒன்று சென்னை கன்னிமாரா நூலகத்துக்கு, ஒன்று தரமணி ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்துக்கு. திருத்தச் சீட்டையும் இந்த நான்கு இடங்களுக்கும் அனுப்ப மறக்காதீர்கள்.